இரண்டாம் பிரிவின் கோல் கீப்பர்

(இரண்டாம் ஆண்டு, பி.எஸ்ஸி. இயற்பியல்)

கால்பந்து என்றதும் நம் நினைவுக்கு வருபவர்கள் யார்? பெலே, மரடோனா, மெஸ்ஸி, ரொனால்டோ என்று நம் விடுதி மாணவர்கள் மூச்சு விடாமல் அடுக்குவார்கள். அலிரேசா ஹகீகி என்று ஒரு பெயரைச் சொன்னால்? "அது யாரப்பா?" என்றுதான் கேட்பார்கள். நானும் அப்படித்தான் ஒரு நாள் கேட்டேன். அந்தக் கேள்விக்கு நான் தேடிக்கொண்ட விடையே இக்கட்டுரை.

2014ஆம் ஆண்டு ஜூன் 21ஆம் நாள் இரவு. பிரேசில் நாட்டில் உலகக் கோப்பைப் போட்டி. பெலோ ஹொரிசோன்டே நகரில் அர்ஜென்டினாவும் ஈரானும் மோதின. நம் நாட்டு நேரப்படி இரவு ஒன்பதரை மணிக்கு ஆட்டம். எனக்கு அப்போது ஒன்பது வயது. என் தாய்மாமன் என்னைத் தோளில் ஏற்றிக்கொண்டு எங்கள் ஊர் டீக்கடைக்குப் போனார். கடையில் இருந்த அத்தனை பேரும் மெஸ்ஸி எப்போது கோல் போடுவார் என்று காத்திருந்தார்கள். ஒரு மணி நேரம் போயிற்று, கோல் விழவில்லை. ஒன்றரை மணி நேரம் முடிந்தது; அப்போதும் விழவில்லை. கூடுதல் நேரத்தின் முதல் நிமிடத்தில் மெஸ்ஸியின் இடது காலிலிருந்து கிளம்பிய பந்து வளைந்து போய் வலைக்குள் விழுந்தது. கடையே எழுந்து கூத்தாடியது.

மாமா மட்டும் எழவில்லை. "மருமவனே, கோல் போட்டவன் பேர எல்லாருஞ் சொல்லுவான். தொண்ணூறு நிமிஷம் வுடாம நின்னானே, அந்த கீப்பர் பேரு என்னன்னு பாரு" என்றார். மாமா ஒரு கோல் கீப்பர். எங்கள் ஊர் அணிக்குப் பதினோரு வருடம் கையுறை இல்லாமல் நின்றவர். எனக்கு அப்போது பெயரை வாசிக்கத் தெரியவில்லை. பல ஆண்டுகள் கழித்து, நானும் அதே இடத்தில் நிற்கத் தொடங்கிய பிறகுதான் தேடிப் பார்த்தேன்.

யார் இந்த ஹகீகி?

அலிரேசா ஹகீகி 1988ஆம் ஆண்டு ஈரானின் தலைநகரான தெஹ்ரானில் பிறந்தவர். ஆறடிக்கு மேல் உயரம். அந்நகரின் புகழ் பெற்ற பெர்சபொலிஸ் அணியில் வளர்ந்தார். பெர்சபொலிஸ் சிவப்புச் சட்டை அணி. அதன் பரம எதிரியான எஸ்தெக்லால் நீலச் சட்டை அணி. இவ்விரண்டும் மோதும் நாளில் தெஹ்ரான் நகரமே இரண்டாகப் பிரிந்துவிடும் என்பார்கள்.

அத்தகைய அணியில் இருந்தவரை 2012ஆம் ஆண்டு ரஷ்யாவின் ரூபின் கசான் அணி எடுத்துக்கொண்டது. ரூபின் கசான் சாதாரண அணி அன்று. 2008, 2009 ஆகிய இரண்டு ஆண்டுகளும் ரஷ்யச் சாம்பியன். 2009இல் பார்சலோனாவை அதன் சொந்த மைதானத்திலேயே வீழ்த்திய அணி. ஆனால் அங்கே செர்கெய் ரிஷிகோவ் என்ற அனுபவசாலியான கோல் கீப்பர் ஏற்கெனவே இருந்தார்.

கோல் கீப்பரின் துன்பம் மற்ற ஆட்டக்காரர்களுக்குத் தெரியாது. முன்னணியில் ஆடுபவர் சோர்ந்தால் மாற்று ஆளை இறக்குவார்கள். நடுக்களத்தில் ஒருவருக்கு இடமில்லை என்றால் ஓரத்தில் ஆட வைப்பார்கள். கோல் கீப்பருக்கு ஒரே ஓர் இடந்தான் உண்டு. முதல் கீப்பர் காயம் பட்டாலொழிய இரண்டாமவர் பெஞ்சிலேயே உட்கார்ந்திருக்க வேண்டும். பயிற்சியெல்லாம் உண்டு, சம்பளமும் உண்டு, ஆட்டம் மட்டும் இல்லை. ஹகீகிக்கு கசானில் வாய்த்தது அந்த வாழ்க்கைதான்.

இரவல் ஆட்டக்காரர்

ஐரோப்பியக் கால்பந்தில் ஒரு வழக்கம் உண்டு. ஒரு சங்கம் தன்னிடம் ஒப்பந்தத்தில் உள்ள ஆட்டக்காரரைச் சில மாதங்களுக்கோ ஒரு பருவத்துக்கோ வேறொரு சங்கத்துக்குக் கொடுக்கும். பருவம் முடிந்ததும் அவர் திரும்பி வர வேண்டும். பக்கத்து வீட்டுக்கு ஏணி இரவல் கொடுப்பது போலத்தான். உடையவருக்கு ஏணி சும்மா கிடப்பது மிச்சம். வாங்கியவருக்கு வேலை ஆகிறது. ஏணி என்ன நினைக்கிறது என்று யாரும் கேட்பதில்லை.

2014ஆம் ஆண்டுத் தொடக்கத்தில் ஹகீகி அவ்வாறு போர்ச்சுகல் நாட்டின் ஸ்போர்டிங் கொவில்யா அணிக்கு இரவலாகப் போனார். கொவில்யா என்பது எஸ்திரேலா என்ற மலைத்தொடரின் அடிவாரத்தில் உள்ள சிறு நகரம். ஒரு காலத்தில் கம்பளி நெசவு ஆலைகளால் வாழ்ந்த ஊர். பழைய ஆலைக் கட்டடங்கள் சிலவற்றில் இப்போது பல்கலைக்கழகம் நடக்கிறது. அந்த ஊர் அணி அப்போது போர்ச்சுகலின் இரண்டாம் பிரிவில் ஆடிக்கொண்டிருந்தது. தெஹ்ரானின் பெரும் கூட்டத்துக்கு முன் நின்றவருக்கு, மலையடிவாரத்துச் சிற்றூரின் மைதானம். இறங்கிவிட்டார் என்று சொல்வோர் சொல்லியிருப்பார்கள். ஆனால் அங்கே அவர் ஆடினார். கசானில் கிடைக்காத ஒன்று கொவில்யாவில் கிடைத்தது.

அந்தச் சமயத்தில் ஈரானின் தேசியப் பயிற்சியாளராக இருந்தவர் கார்லோஸ் கெய்ரோஸ் என்ற போர்ச்சுகீசியர். உலகக் கோப்பைக்கு அவர் மூன்று கோல் கீப்பர்களை அழைத்துச் சென்றார். அவர்களில் டேனியல் தாவரி என்பவர் ஜெர்மனியில் முதல் பிரிவு அணியான பிரவுன்ஷ்வைக்கின் கீப்பர். பயர்ன் மியூனிக், டார்ட்முண்ட் போன்ற அணிகளுக்கு எதிராக அந்தப் பருவம் முழுதும் நின்றவர். அவர்தான் ஆடுவார் என்று பலர் எதிர்பார்த்திருக்கக் கூடும். கெய்ரோஸ் தேர்ந்தெடுத்தது இரண்டாம் பிரிவிலிருந்து வந்த ஹகீகியை.

தொண்ணூறு நிமிடமும் ஒரு நிமிடமும்

முதல் ஆட்டம் ஜூன் 16ஆம் நாள் குரிச்சிபா நகரில் நைஜீரியாவுடன். கோல் இல்லாமல் சமனாக முடிந்தது. அந்த ஆட்டத்தைப் பார்த்தவர்கள் சலிப்பாக இருந்தது என்று எழுதினார்கள். கோல் கீப்பருக்குச் சலிப்பான ஆட்டத்தைவிட இனிமையானது ஏது?

இரண்டாவது ஆட்டம்தான் நான் டீக்கடையில் பார்த்தது. எதிரே மெஸ்ஸி, அகுவேரோ, ஹிகுவைன், தி மரியா ஆகிய நால்வரும் இருந்தார்கள். நால்வருமே உலகின் மிகப் பெரிய சங்கங்களில் ஆடுபவர்கள். அவர்களுக்கு முன் கொவில்யாவின் கீப்பர் தொண்ணூறு நிமிடம் கோல் விடவில்லை. ஈரானியர் வெறுமனே தற்காத்துக்கொண்டிருக்கவும் இல்லை. இரண்டாம் பாதியில் அஷ்கான் தெஜாகா தலையால் முட்டிய பந்தை அர்ஜென்டினாவின் கீப்பர் ரொமேரோ கடைசி நொடியில் விரல் நுனியால் தட்டிவிட்டார். அது உள்ளே போயிருந்தால் அன்றைய டீக்கடை எப்படி இருந்திருக்கும் என்று இன்றும் எண்ணிப் பார்ப்பதுண்டு. பிறகு அந்தத் தொண்ணூற்றோராம் நிமிடம் வந்தது.

மூன்றாவது ஆட்டத்தில் போஸ்னியா ஈரானை மூன்றுக்கு ஒன்று என்ற கணக்கில் வென்றது. ஈரான் ஒரே ஒரு புள்ளியுடன் ஊர் திரும்பியது. அந்த உலகக் கோப்பையில் ஈரான் போட்டது ஒரே ஒரு கோல். அதைப் போட்டவர் ரேசா கூச்சன்நெஜாத். மஷாத் நகரில் பிறந்து, சிறு வயதிலேயே குடும்பத்துடன் நெதர்லாந்துக்குப் போனவர். அந்நாட்டின் இரண்டாம் பிரிவில் எம்மன், காம்பூர் போன்ற சிறிய அணிகளில் ஆடி வளர்ந்தவர். 2013ஆம் ஆண்டு ஜூனில் தென்கொரியாவின் உல்சான் நகரில் அவர் போட்ட கோலால்தான் ஈரான் அந்த உலகக் கோப்பைக்கே தகுதி பெற்றது. உலகக் கோப்பைக்கு வந்தபோது அவர் ஆடிக்கொண்டிருந்தது இங்கிலாந்தின் சார்ல்டன் அணியில். அதுவும் இரண்டாம் பிரிவு அணிதான்.

ஆக, 2014இல் ஈரானின் கோலைக் காத்தவர் போர்ச்சுகலின் இரண்டாம் பிரிவிலிருந்து வந்தவர். ஈரானுக்குக் கோல் போட்டவர் இங்கிலாந்தின் இரண்டாம் பிரிவிலிருந்து வந்தவர். இதை அறிந்தபோது நான் என் புத்தகத்தை மூடிவைத்துவிட்டுச் சற்று நேரம் உட்கார்ந்திருந்தேன்.

இயற்பியல் என்ன சொல்கிறது?

இயற்பியல் மாணவன் என்ற முறையில் கோல் கீப்பரின் வேலையைச் சிறிது கணக்கிட்டுக் காட்ட விரும்புகிறேன்.

இரண்டு கம்பங்களுக்கும் இடையே உள்ள அகலம் 7.32 மீட்டர். தரையிலிருந்து குறுக்குக் கம்பம் வரை உயரம் 2.44 மீட்டர். பெருக்கினால் ஏறத்தாழ 18 சதுர மீட்டர். நம் விடுதி அறையின் தரையைவிடப் பெரிய பரப்பை ஒரு மனிதர் இரண்டு கைகளால் காக்க வேண்டும்.

பெனால்டி அடிக்கும் இடம் கோல் கோட்டிலிருந்து 11 மீட்டர். பந்து மணிக்கு 90 கிலோமீட்டர் வேகத்தில், அதாவது வினாடிக்கு 25 மீட்டர் வேகத்தில் வந்தால், கோட்டை அடைய 0.44 வினாடி ஆகும். கண்ணால் கண்டதற்கு உடல் அசையத் தொடங்கவே சுமார் 0.2 வினாடி வேண்டும். எஞ்சியிருப்பது கால் வினாடி. கம்பத்தின் ஓரத்துக்கு அதற்குள் பாய முடியாது. ஆகவே பந்தை அடிக்கும் முன்பே எந்தப் பக்கம் பாய்வது என்று கீப்பர் முடிவு செய்துவிட வேண்டும். அடிப்பவர் ஓடி வரும் கோணம், இடுப்பு, ஊன்றுகிற கால் ஆகியவற்றை வைத்துக் கணிக்க வேண்டும். இந்தக் கணிப்பு புத்தகத்தில் கிடைப்பதன்று. நூற்றுக்கணக்கான ஆட்டங்களில் நின்று நின்றுதான் வர வேண்டும். பெஞ்சில் உட்கார்ந்திருப்பவருக்கு அது மங்கிவிடும்.

இன்னொன்று, முன்னே வந்து நிற்பது. ஒருவர் கோலுக்கு நேர் எதிரே 16.5 மீட்டர் தூரத்திலிருந்து அடிக்கிறார் என்று கொள்வோம். கீப்பர் கோட்டிலேயே நின்றால் 7.32 மீட்டர் அகலத்தைக் காக்க வேண்டும். 5.5 மீட்டர் முன்னே வந்து நின்றால், ஒத்த முக்கோணங்களின் விதிப்படி, 4.88 மீட்டரைக் காத்தால் போதும். ஆனால் தலைக்கு மேலே தூக்கிப் போட்டுவிடும் அபாயம் உண்டு. மாமா எட்டாம் வகுப்போடு நின்றவர். ஒத்த முக்கோணம் அவருக்குத் தெரியாது. "முன்னால வந்தா கோலு சின்னதாவும்டா, ரொம்ப வந்தா மேல பெருசாவும்" என்று அவர் சொன்னதுதான் இது.

மெஸ்ஸியின் அந்த அடி ஏன் பிடிபடவில்லை? பெனால்டி எல்லைக்கு வெளியிலிருந்து சுழற்றி அடிக்கப்பட்ட பந்து அது. சுழன்று போகும் பந்து தன்னைச் சுற்றியுள்ள காற்றை ஒரு பக்கமாகத் திருப்பிவிடும். நியூட்டனின் மூன்றாம் விதிப்படி காற்று பந்தை எதிர்ப்பக்கமாகத் தள்ளும். இதற்கு மாக்னஸ் விளைவு என்று பெயர். அப்பந்து கம்பத்துக்கு வெளியே போவது போலக் கிளம்பி, கடைசியில் உள்ளே வளைந்தது. இடையிலே தற்காப்பு ஆட்டக்காரர்களின் உடல்கள் கண்ணை மறைத்தன. ஹகீகி நீட்டிப் பாய்ந்தார், கை எட்டவில்லை. எந்தக் கீப்பரையும் அதற்காகக் குறை சொல்ல முடியாது என்பதே என் கருத்து.

ஈரானின் படிக்கட்டு

ஹகீகியைப் புரிந்துகொள்ள ஈரானின் கால்பந்து அமைப்பையும் அறிய வேண்டும். அங்கே தேசிய அளவிலான லீக் 1973இல் தக்த் ஜம்ஷீத் கோப்பை என்ற பெயரில் தொடங்கியது. 1979 புரட்சியோடு அது நின்றது. 1980 முதல் 1988 வரை ஈராக்குடன் போர். அந்த ஆண்டுகளில் பெரும்பாலும் நகரங்களிலும் மாகாணங்களிலும் போட்டிகள் நடந்தன. 1991இல் ஆஸாதெகான் லீக் தொடங்கியது. ஆஸாதெகான் என்றால் விடுதலை பெற்றவர்கள் என்று பொருள். போரில் சிறைப்பட்டுத் திரும்பி வந்த வீரர்களின் நினைவாக இட்ட பெயர். 2001இல் அதற்கு மேலே தொழில்முறை லீக் ஒன்று அமைந்தபோது ஆஸாதெகான் இரண்டாம் பிரிவாயிற்று. அதற்கும் கீழே மேலும் இரண்டு படிகள். அவற்றுக்கும் கீழே மாகாண லீக்குகள்.

இந்தப் படிகளில் ஆடும் அணிகளின் பெயர்களைக் கேட்டால் வியப்பாக இருக்கும். ஃபூலாத் என்றால் எஃகு; மெஸ் என்றால் செம்பு; நஃப்த் என்றால் எண்ணெய்; ரா ஆஹன் என்றால் இருப்புப்பாதை; நஸ்ஸாஜி என்றால் நெசவு. தப்ரீஸ் நகரின் டிராக்டர் அணியின் பெயருக்கு விளக்கமே வேண்டாம். தொழிற்சாலைகளும் சுரங்கங்களும் அரசுத் துறைகளும் நகராட்சிகளும் தங்கள் ஊழியர்களுக்காகத் தொடங்கிய அணிகளே பல. நம் ஊரில் ரயில்வே அணி, போலீஸ் அணி, வங்கி அணி என்று கேள்விப்படுகிறோமே, அது போல.

ஆண்கள் கால்பந்தில் உலகிலேயே முதன்முதலாகச் சர்வதேச ஆட்டங்களில் நூறு கோல்களைக் கடந்தவர் அலி தாயி என்ற ஈரானியர் என்பது பலருக்குத் தெரிந்திருக்கும். அவர் தெஹ்ரானின் ஷரீஃப் பல்கலைக்கழகத்தில் உலோகவியல் படித்தவர். தெஹ்ரானில் அவர் முதலில் ஆடியது டாக்ஸி நிறுவனத்தின் அணியான தாக்ஸிரானிக்கு. பிறகு நான்கு ஆண்டுகள் ஒரு வங்கியின் அணிக்கு. பெர்சபொலிஸுக்கு வந்தபோது அவருக்கு வயது இருபத்தைந்து.

ஈரானிய இளைஞர் அனைவருக்கும் ஏறக்குறைய இரண்டு ஆண்டு இராணுவ சேவை கட்டாயம். கல்லூரியில் படித்துக்கொண்டிருப்பவருக்குப் படிப்பு முடியும் வரை அது தள்ளிவைக்கப்படும். கால்பந்து ஆடுபவருக்கு இது பெரிய சிக்கல். கால்கள் நன்றாக ஓடும் வயதில் இரண்டு ஆண்டுகள் போய்விடும். ஆகவே பலர் இராணுவம் சார்ந்த அணிகளில் சேர்ந்து, சேவைக் காலத்தை ஆடிக் கழிப்பார்கள். ஷிராஸ் நகரின் ஃபஜ்ர் அணி அதற்குப் பெயர் பெற்றது.

கீழ்ப்படிகளின் வாழ்க்கை உறுதியானதும் அன்று. அங்கே ஒரு சங்கத்தின் லீக் உரிமத்தையே விற்கலாம், வேறு ஊருக்கு மாற்றலாம். பாஸ் தெஹ்ரான் என்பது காவல்துறையின் அணி. 1993இல் ஆசியச் சாம்பியன். 2007இல் அதன் உரிமம் சுமார் முந்நூறு கிலோமீட்டர் தொலைவில் உள்ள ஹமதான் நகருக்கு மாற்றப்பட்டது. பின்னர் அந்த அணி கீழ்ப்பிரிவுகளுக்குச் சரிந்துவிட்டது. சம்பளப் பாக்கி என்பது சிறிய அணிகளில் அடிக்கடி கேட்கும் புலம்பல். நேற்றுவரை ஒரு ஊருக்கு ஆடியவர் நாளை எந்த ஊருக்குப் பெட்டியைத் தூக்குவார் என்று அவருக்கே தெரியாது.

ஆனால் படிக்கட்டு என்றால் ஏறவும் செய்யலாம். காஸ்பியன் கடலோரப் பகுதியில் காயிம்ஷஹர் என்ற ஊரின் நெசவாலை அணி நஸ்ஸாஜி. பல ஆண்டுகள் கீழ்ப்பிரிவுகளில் உழன்று 2018இல்தான் முதல் பிரிவுக்கு வந்தது. 2022இல் ஈரானின் ஹஸ்ஃபி கோப்பையை வென்றது. 2023 செப்டம்பரில் ஆசியச் சாம்பியன்ஸ் லீக் போட்டிக்காக நம் நாட்டின் புனே நகருக்கு வந்து, மும்பை சிட்டி அணியை இரண்டுக்குப் பூஜ்யம் என்று வென்றுவிட்டும் போனது!

அதன் பிறகு ஹகீகி

கதையாக இருந்தால் உலகக் கோப்பைக்குப் பிறகு ஹகீகிக்குப் பெரிய அணி ஒன்றில் இடம் கிடைத்திருக்கும். நடந்தது அதுவன்று. 2014-15 பருவத்தில் மீண்டும் இரவலாக, போர்ச்சுகலின் பெனாஃபியெல் அணிக்குப் போனார். அது முதல் பிரிவுதான்; ஆனால் அந்தப் பருவத்தில் பெனாஃபியெல் கடைசி இடம் பெற்று இறங்கிவிட்டது.

அதன் நடுவே 2015 ஜனவரியில் ஆஸ்திரேலியாவில் ஆசியக் கோப்பை நடந்தது. முதல் சுற்றில் பஹ்ரைன், கத்தார், ஐக்கிய அரபு எமிரேட்ஸ் ஆகிய மூன்று அணிகளையும் ஈரான் வென்றது. மூன்று ஆட்டத்திலும் ஹகீகி ஒரு கோல்கூட விடவில்லை. காலிறுதியில் ஈராக். ஈரான் தரப்பில் ஒருவர் முதல் பாதியிலேயே வெளியேற்றப்பட்டார். பத்துப் பேருடன் ஆடி, மூன்றுக்கு மூன்று என்று சமன் செய்து, கடைசியில் பெனால்டியில் ஆறுக்கு ஏழு என்று தோற்றார்கள். ஆறடிக்கு மேல் உயர்ந்த அந்த மனிதர் எத்தனை முறை பாய்ந்து எழுந்திருப்பார்!

பின்பு மதெய்ரா தீவின் மாரிட்டிமோ. பிறகு ஸ்வீடன் நாட்டில் எஸ்கில்ஸ்துனா, சுந்த்ஸ்வால் ஆகிய சிறிய அணிகள். 2018 உலகக் கோப்பைக்கு ஈரான் அழைத்துச் சென்ற மூன்று கீப்பர்களில் அவர் பெயர் இல்லை. அவரது இடத்தில் நின்றவர் அலிரேசா பெய்ரான்வந்த். லொரெஸ்தான் மாகாணத்தில் ஆடு மேய்க்கும் நாடோடிக் குடும்பத்தில் பிறந்தவர். கால்பந்து ஆட வேண்டும் என்று வீட்டைவிட்டு தெஹ்ரானுக்கு ஓடிவந்து, தெருவில் படுத்து, கார் கழுவி, பீட்சாக் கடையில் வேலை செய்து வளர்ந்தவர். அந்த உலகக் கோப்பையில் ரொனால்டோவின் பெனால்டியைத் தடுத்தவர் அவரே. ஹகீகியின் இடம் தகுதியில்லாதவரிடம் போய்விடவில்லை என்பதையும் நாம் ஒப்புக்கொள்ள வேண்டும்.

எனக்கு ஏன் இந்தக் கதை?

இவ்வளவு படித்துவிட்டு நான் ஏன் இதை எழுதுகிறேன் என்று ஆசிரியப் பெருமக்கள் கேட்கலாம். நான் நம் கல்லூரி அணியின் இரண்டாவது கோல் கீப்பர். சென்ற ஆண்டும் இந்த ஆண்டும் நான் ஆடிய போட்டி ஒன்றுகூட இல்லை. பந்துப் பையும் தண்ணீர்க் குடமும் என் பொறுப்பு. கல்லூரியில் எனக்கு இடம் கிடைத்ததும் இரண்டாம் பட்டியலில்தான். என் வீட்டில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். அப்பா அரிசி ஆலையில் மூட்டை தூக்குகிறார். "இதெல்லாம் எதுக்குப்பா? படிக்கிறத ஒழுங்காப் படி, இல்லேன்னா வேலைக்கு வா" என்று அவர் சொல்வதில் தவறு காண என்னால் முடியவில்லை. டிசம்பர் மாதம் அணியிலிருந்து விலகிவிடுவது என்று முடிவு செய்து, உடற்கல்வி இயக்குநரிடம் சொல்லவும் போனேன். அன்று அவர் ஊரில் இல்லை.

அந்த வாரம் பக்கத்து ஊர்க் கல்லூரியுடன் ஆட்டம். மைதான வேலிக்கு வெளியே சைக்கிளைச் சாத்திவிட்டு மாமா நின்றுகொண்டிருந்தார். தறிக்கு லீவு போட்டுவிட்டு இருபது கிலோமீட்டர் மிதித்து வந்திருந்தார். நான் அன்றும் ஆடவில்லை. ஆட்டம் முடிந்து வெட்கத்தோடு அவரிடம் போனேன். "நான் எறங்கவே இல்லையே மாமா, எதுக்கு வந்தீங்க?" என்றேன்.

"நீ ஆட்டத்துக்கு முன்னால அந்த மொத கீப்பருக்குப் பந்து போட்டுக் குடுத்தியே, அதப் பாத்தேன். கை நல்லா வந்திருக்கு" என்றார். வேறொன்றும் சொல்லவில்லை. இருவரும் டீ குடித்தோம்.

மாமாவும் ஒரு காலத்தில் விளையாட்டு ஒதுக்கீட்டில் வேலைக்காக இரண்டு முறை தேர்வுக்குப் போனவர். இரண்டு முறையும் கிடைக்கவில்லை. பெலோ ஹொரிசோன்டே போன்ற ஒரு நாள் அவருக்கு வரவே இல்லை. கீழ்ப்பிரிவுகளில் ஆடும் பெரும்பாலோருக்கும் அது வருவதில்லை. ஹகீகிக்கு வந்தது, அன்று அவர் ஆயத்தமாக இருந்தார். கொவில்யாவின் மைதானத்தில் மாதக்கணக்கில் நின்று ஆடியதே அந்த ஆயத்தம். அந்த ஒரு நாள் வந்திருக்காவிட்டாலும் கொவில்யாவில் அவர் தடுத்த பந்துகள் தடுத்த பந்துகள்தாமே? அந்த ஊர்க்காரர்களுக்கு அவைதாம் உலகக் கோப்பை.

நண்பர்களே! இரண்டாம் பட்டியலில் வந்தவர்களும் இரண்டாம் வகுப்பில் தேறுபவர்களும் நம்மில் பலர். முதல் பிரிவு மட்டுமே வாழ்க்கை என்று எண்ணினால் நம்மில் பெரும்பாலோர் வாழாமலே முடிந்துவிடுவோம். பருவத் தேர்வுக்குப் படிப்பதோடு மாலையில் ஒரு மணி நேரம் மைதானத்துக்கும் போவது என்று அப்பாவிடம் பேசி ஒப்புதல் வாங்கியிருக்கிறேன். இயக்குநரிடம் சொல்ல நினைத்ததை இதுவரை சொல்லவில்லை. அடுத்த ஆண்டும் பந்துப் பை என் பொறுப்பாகவே இருக்கலாம். இருந்தால் பையையும் தூக்குவேன், பந்தையும் பிடிப்பேன்.

மாமாவிடம் போன வாரம் சொன்னேன்: "மாமா, அந்த கீப்பர் பேரு அலிரேசா ஹகீகி." இரண்டு முறை திருப்பிச் சொல்லிப் பார்த்துக்கொண்டார்.